வார்டோவிலிருந்து பெர்லினுக்குப் போன பெண்

ஒஸ்லோ மத்திய நிலையத்தில் தெற்கே போகும் புறநகர் ரயிலில் ஏறினால் கால் மணித்தியாலத்துக்குள் ஹொல்ம்லியா வந்துவிடும். இறங்கியதும் கடைத்தொகுதி, பக்கத்திலேயே டைக்மன் நூலகம், சுற்றிவர 1980களில் எழுந்த அடுக்குமாடி வீடுகள், அப்பால் காடு. புதிதாக வந்த எம்மவர்களுக்கு ரயிலும் தெரியும், கடையும் தெரியும். நூலகத்துக்குள் கால்வைக்கத்தான் கூச்சம். நாமும் அப்படித்தான் இருந்தோம்.

சென்ற குளிர்காலத்தில் மகளின் வகுப்பாசிரியையைச் சந்திக்கப் போனோம். ஆசிரியை சொன்னதை மகளே எமக்குத் தமிழில் சொன்னாள். எமது பதிலையும் அவளே திருப்பிச் சொன்னாள். பத்து வயதுப் பிள்ளை தன்னுடைய குறையைத் தானே பெற்றோருக்கு மொழிபெயர்த்தாள். எதைக் கூட்டினாள், எதைக் குறைத்தாள் என்று நாம் அறியோம். வீடு திரும்பும் வழியில் ஒருவரும் வாய் திறக்கவில்லை.

அடுத்த சனிக்கிழமை நோர்வேஜிய மொழிப் புத்தகம் தேடி நூலகத்துக்குப் போனோம். அங்கே பழைய சினிமாப் படங்கள் உள்ள ஒரு நூலில் 'வார்டோ' என்ற பெயர் கண்ணில் பட்டது. ஒஸ்லோவுக்கு வருமுன் நாம் வடக்கே பின்மார்க்கில் மீன் பதனிடும் தொழிற்சாலையில் வேலை செய்தவர்கள். வார்டோ அந்தப் பக்கத்து ஊர், நோர்வேயின் கிழக்கு ஓரத்தில் ஒரு தீவு. அந்தப் பெயருக்கு மேலே பெரிய கண்களுடன் ஒரு பெண்ணின் படம். மகளின் உதவியோடு வாசித்தோம்.

பெயர் ஔட் எகெடெ நிஸ்ஸன். 1893 இல் பேர்கனில் பிறந்து வார்டோவில் வளர்ந்தவர். தகப்பனார் அங்கே தபாலதிபர். ரஷ்யாவிலிருந்து தப்பி வந்த புரட்சியாளர்களுக்கு உதவியவர். பிற்காலத்தில் நோர்வே கம்யூனிஸ்ட் கட்சியின் தலைவர். முதலாம் உலகப்போர்க் காலத்தில் மகள் ஜேர்மனியில் நடிகையானார். 1917 இல் சகோதரிகள் கெர்ட், ஆடா ஆகியோருடன் சேர்ந்து பெர்லினில் சொந்தமாகப் படக் கம்பனியே தொடங்கினார். லூபிட்ஷ், முர்னவ் போன்ற பெரிய இயக்குநர்களின் படங்களிலும் நடித்தார்.

பிரிட்ஸ் லாங் 1922 இல் எடுத்த 'டாக்டர் மபூசே' படத்தை நூலகத்தில் சொல்லி எடுப்பித்துப் பார்த்தோம். இரண்டு பாகம், நாலு மணித்தியாலத்துக்கும் மேல். அதில் ஔட் ஒரு நடனக்காரி. சூதாடி மபூசேயை நம்பிக் காதலித்து, அவனுக்காகச் சிறை போய், அங்கேயே நஞ்சருந்தி இறக்கிறாள். ஒரு சொல்லும் காதில் விழவில்லை, ஆனாலும் அவளுடைய நிலை எமக்கு விளங்கியது.

பேசாப்படத்தில் வசனம் எழுத்து அட்டையில்தான் வரும். அட்டையை மாற்றினால் எந்த நாட்டிலும் ஓடும். ஆகவே நோர்வேக்காரி ஜேர்மனியப் படத்தில் கதாநாயகியாவதற்கு நாக்கு தடையாக இருக்கவில்லை.

பின்மார்க்கில் எமது வாழ்வும் ஒரு பேசாப்படந்தான். இயந்திர இரைச்சலில் காதை அடைத்துக்கொண்டு மீன் வெட்டுவோம். பெட்டி நிறைந்தால் கையை உயர்த்துவோம், கத்தி மழுங்கினால் விரலால் காட்டுவோம். நோர்வேக்காரரும் அப்படியே. மொழி தேவைப்படவில்லை, நாமும் படிக்கவில்லை. சம்பளம் வந்தது, ஊருக்கு அனுப்பினோம், அது போதுமென்றிருந்தோம்.

1930ஐ அண்டி ஜேர்மனியில் பேசும்படம் பரவியது. அதன்பின் ஔட் நடித்த ஜேர்மன் படங்கள் மிகச் சில. 1930களில் நோர்வே திரும்பி, மேடையில் தமது மொழியில் பேசி நடித்தார். 1974 இல் ஒஸ்லோவில் காலமானார்.

அவருக்குத் திரும்பிப்போய்ப் பேச ஒரு மேடை இருந்தது. எமக்கு இப்போதைக்கு மேடை ஹொல்ம்லியாதான். இங்கே ஆசிரியையும் வைத்தியரும் எமது கையசைவைப் பார்த்துக் கொண்டிருக்க மாட்டார்கள். பாண் தொழிற்சாலை வேலை முடிந்து, வாரத்தில் இரண்டு மாலைகள் இப்போது மொழி வகுப்புக்குப் போகிறோம். உச்சரிப்பைக் கேட்டு மகள் சிரிக்கிறாள். சிரிக்கட்டும்.

அடுத்த பெற்றோர் சந்திப்பு வசந்த காலத்தில் வருகிறது. பிள்ளையை வெளியே இருத்திவிட்டு நாம் மட்டும் உள்ளே போவதென்று முடிவு செய்திருக்கிறோம்.