எட்டாம் இடம்

பந்தய முடிவுகளைப் பத்திரிகையில் படிக்கும்போது எனக்கு ஒரு விபரீதமான பழக்கம் உண்டு. முதல் மூன்று பேரை விட்டுவிடுவேன். அவர்களைக் கவனிக்கத்தான் உலகம் முழுவதும் இருக்கிறதே! அதற்குக் கீழே யார் என்று தேடிக்கொண்டு போவேன். கதை எழுதுகிறவனுக்கு அங்கேதான் சரக்கு அகப்படுகிறது. ஹிரோக்கோ யமஸாக்கி அப்படி அகப்பட்டவர்தான். ஜப்பானின் தென்கோடியில் ககோஷிமாவைச் சேர்ந்தவர். 1984-ல் லாஸ் ஏஞ்ஜல்ஸ் ஒலிம்பிக்கில், ரிதமிக் ஜிம்னாஸ்டிக்ஸ் என்ற பெண்கள் பந்தயத்தில் எட்டாவதாக வந்தார்.

அது என்ன வித்தை என்று கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை. கையில் ஒரு கருவியுடன், இசைக்கு இசைந்து, ஒன்றரை நிமிஷத்துக்குள் ஆடி முடிக்க வேண்டும். வளையம், பந்து, கட்டை, ரிப்பன் என்று அந்த வருஷம் நான்கு ஆட்டங்கள். கட்டை என்றால் வேறொன்றுமில்லை. நம் கர்லாக் கட்டையின் பேத்திதான். பத்தொன்பதாம் நூற்றாண்டில் வெள்ளைக்காரச் சிப்பாய்கள் இங்கே அதைச் சுழற்றக் கற்றுக்கொண்டு சீமைக்குக் கொண்டு போனார்கள். அங்கே அது இளைத்து இளைத்து, நூற்றைம்பது கிராமுக்கு வந்து சேர்ந்துவிட்டது. நம் பயில்வான்கள் பார்த்தால் கண்ணீர் விடுவார்கள்!

ரிப்பன்தான் பொல்லாதது. ஆறு மீட்டர் நீளம். ஒரு குச்சியின் நுனியில் தொங்கும். கை ஒரு கணம் அயர்ந்தால் போதும், அதுவரை பாம்பாகவும் சக்கரமாகவும் சுழன்றது வெறும் துணியாகித் தரையில் கிடக்கும். முடிச்சு விழுந்துவிட்டாலோ, அத்தனை பேர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவிழ்த்தாக வேண்டும்.

யமஸாக்கி இதைத் தொடங்கியதே உயர்நிலைப் பள்ளியில்தான். பால் பல் விழுமுன்பே ஆரம்பிக்கிற வித்தையில் அது மிகவும் தாமதம். ஆனாலும் 1979 முதல் 1983 வரை ஐந்து வருஷம் தொடர்ந்து ஜப்பானின் சாம்பியன் அவரே. ஒலிம்பிக்கில் இந்தப் பந்தயம் முதன் முதலாகச் சேர்ந்தது 1984-ல். அந்தக் கதவு திறந்தபோது அவருக்கு வயது இருபத்து நான்கு. மற்றவர்கள் மூட்டை கட்டுகிற வயது.

கதவு திறந்தது, உள்ளே முக்கியமானவர்களைக் காணோம்! சோவியத் ரஷ்யா வரவில்லை, பல்கேரியாவும் வரவில்லை. 1980-ல் மாஸ்கோவுக்கு அமெரிக்காவும் ஜப்பானும் போகாததற்குப் பதில் மரியாதை. இந்தக் கலையில் அந்த இரண்டு தேசத்துப் பெண்களும்தான் மகாராணிகள். 1983-ல் உலக சாம்பியனாக வந்தவர் தில்யானா கியோர்கியேவா என்ற பல்கேரியப் பெண். அவர் வீட்டில் இருக்க, ஒலிம்பிக் தங்கம் கானடாவின் லோரி ஃபங்குக்குப் போயிற்று.

"அவர்களும் வந்திருந்தால் யமஸாக்கி எட்டாவதா?" என்று கேட்பவர்கள் உண்டு. இல்லைதான். தேசத்துக்கு இரண்டு பேர் என்று வைத்தாலே பன்னிரண்டாம் இடத்துக்கு நகர்ந்திருப்பார். கணக்கு சரிதான். ஆனால் எனக்கு அந்தக் கணக்கில் ஒரு கோபம். வராதவர்களுடைய ரிப்பனில் முடிச்சு விழுவதில்லை. வராதவர்களுடைய பந்து கை நழுவுவதே இல்லை. வந்தவர் அல்லவா மேடை ஏறி, ஒவ்வொரு முறையும் நெஞ்சு அடித்துக்கொள்ள நின்றார்? எட்டாம் இடம் வரைதான் ஒலிம்பிக்கில் பரிசுப் பத்திரம் கொடுப்பார்கள். அந்தக் கடைசிப் பத்திரம் அவருடையது.

அதே வருஷம் ஆட்டத்தை விட்டுவிட்டார். 1992-லும் 1993-லும் அவருடைய சொந்த வாழ்க்கையை ஜப்பானியப் பத்திரிகைகள் துரத்தித் துரத்தி எழுதின. நாவல்காரனுக்கு நாக்கில் ஜலம் ஊறும் விஷயம்தான்; இருக்கட்டும், நமக்கு வேண்டாம்.

2004-ல் ஏதென்ஸ் ஒலிம்பிக்குக்கு ஜப்பான் குழு தகுதியே பெறவில்லை. பிறகு யமஸாக்கியைக் கூப்பிட்டுப் பொறுப்பை ஒப்படைத்தார்கள். தேசம் முழுவதும் சலித்துப் பெண்களைப் பொறுக்கினார். ஒரே இடத்தில் குடிவைத்தார். எங்கே அனுப்பினார் தெரியுமோ? ரஷ்யாவுக்கு! 1984-ல் வராதவர்களின் வீட்டு வாசலுக்கே போய், மாதக் கணக்கில் இருந்து கற்றுக்கொண்டு வரச் சொன்னார். பள்ளிக்கூடத்துப் பெண்களை இப்படித் தாய் தகப்பனிடமிருந்து பிரித்து வைப்பது எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. அந்தத் தாய்மார்களை நினைத்துக்கொள்கிறேன்.

பலன் வந்தது. 2015-ல் ஸ்டுட்கார்ட்டில் வெண்கலம். 2019-ல் பாக்கூ நகரில், ஐந்து பெண்கள் ஐந்து பந்துகளுடன் ஆடிய ஆட்டத்துக்கு உலகத் தங்கம். இந்தக் கலையில் ஜப்பானுக்கு அதுதான் முதல் தங்கம்.

பிறகு சொந்த ஊர் ஒலிம்பிக். கொள்ளை நோயினால் ஒரு வருஷம் தள்ளி, 2021-ல், ரசிகர்கள் இல்லாத டோக்கியோ அரங்கில் நடந்தது. அங்கேயும் ஐந்து பெண்கள், ஐந்து பந்துகள். முடிவுப் பட்டியலை வழக்கம்போல் கீழிருந்து பார்த்தேன். தேடவே வேண்டியிருக்கவில்லை. இறுதிப் போட்டிக்கு வந்த எட்டுக் குழுக்களில் ஜப்பான் எட்டாவது. இந்தத் தடவை பத்திரம் ஐந்து பேருக்கு.