ஹெர்மிஸைத் தெரியும், எண்ணெய்க் கப்பலைத் தெரியாது



ஏப்ரல் 9 வந்தால், 1942இல் யப்பானியர் திருகோணமலையில் குண்டு போட்ட கதையைப் பலரும் பகிர்வோம். ஹெர்மிஸ் என்ற விமானந்தாங்கிக் கப்பல் மட்டக்களப்புக் கடலில் மூழ்கியது, 307 பேர் இறந்தார்கள் என்று எங்கள் பிள்ளைகளே சொல்வார்கள். அதே நாள், அதே கடலில் இரண்டு எண்ணெய்க் கப்பல்களும் மூழ்கின. அவற்றின் பெயர் எங்கள் வாயில் வருவதில்லை. ஒன்று ஆதெல்ஸ்டேன், 5,571 தொன். மற்றது பிரிட்டிஷ் சார்ஜென்ட், 1922இல் கட்டியது, 5,868 தொன்.

சண்டைக் கப்பல் எத்தனை பீரங்கி வைத்திருந்தாலும் எண்ணெய் தீர்ந்தால் வெறும் இரும்புதான். ஆதெல்ஸ்டேன் போன்ற கப்பல்கள் கடற்படையின் பின்னாலேயே எண்ணெயைக் கொண்டு திரிந்தன. பிரித்தானியர் சீனக்குடாக் காட்டுக்குள் பெரிய பெரிய எண்ணெய்த் தாங்கிகளைக் கட்டி வைத்ததும் இதற்காகத்தான். அவற்றில் 99 இன்றும் நிற்கின்றன. ஒன்று அந்த 9ஆம் திகதி, யப்பானிய விமானம் மோதி எரிந்து போனது.

யப்பானியக் கப்பற்படை வருகிறது என்ற தகவல் ஏப்ரல் 8ஆம் திகதி கிடைத்தது. துறைமுகத்தில் நின்றால் குண்டுக்கு இரையாகும் என்று கப்பல்களை வெளியே அனுப்பினார்கள். அவை கரையோரமாகத் தெற்கே போயின. ஆதெல்ஸ்டேனுக்குக் காவலாக ஹொலிஹொக் என்ற சிறிய போர்க்கப்பல் கூடப் போனது. எண்ணெய்க் கப்பலுக்கு வேகம் குறைவு, காவலுக்குப் போனதும் அதன் வேகத்திலேயே போக வேண்டும். மறுநாள் விமானங்கள் கண்டுபிடித்துவிட்டன. இரண்டும் மூழ்கின. ஹொலிஹொக்கில் மட்டும் சுமார் 50 பேர் இறந்தார்கள். எண்ணெயைக் காக்கப் போய் உயிர்விட்டவர்கள் அவர்கள். பிரிட்டிஷ் சார்ஜென்ட் மாலுமிகள் படகுகளில் கரை சேர்ந்தார்கள். அந்தக் கப்பல் இன்றும் பாசிக்குடாப் பக்கம் கடலடியில் கிடக்கிறது. சுழியோடிகள் போய்ப் பார்க்கிறார்கள்.

இதை ஏன் முல்லைத்தீவில் இருந்துகொண்டு எழுதுகிறோம்? எண்ணெய் இல்லாவிட்டால் என்ன நடக்கும் என்று வன்னியைவிட நன்றாக அறிந்த மண் எது?

எங்கள் யுத்தத்திலும் எண்ணெய்க் கப்பல் எரிந்தது. 2001 ஒக்டோபர் 30ஆம் திகதி, யாழ்ப்பாணத்துக்கு டீசலும் மண்ணெண்ணெயும் கொண்டுபோன சில்க் பிரைட் என்ற கப்பல் பருத்தித்துறைக் கடலில் தாக்கப்பட்டது. அப்போது ஏ9 வீதி மூடிக் கிடந்தது. வன்னிக்குள்ளே எரிபொருளுக்குத் தடை. மோட்டார் சைக்கிளைச் சொட்டுப் பெற்றோல் விட்டு இயக்கி, பிறகு மண்ணெண்ணெயில் ஓடினார்கள். பிள்ளைகள் ஜாம் போத்தல் விளக்கில் படித்துப் பரீட்சை எழுதினார்கள்.

"ஓடினார்கள், எழுதினார்கள்" என்றுதான் எங்களால் சொல்ல முடிகிறது. ஏனென்றால் அந்த வருடங்களில் நாங்கள் இங்கே இல்லை. 1990 ஒக்டோபரில் ஊரைவிட்டுப் போக வைக்கப்பட்டோம். புத்தளத்தில் ஓலைக் கொட்டிலுக்குள் எங்கள் பிள்ளைகளும் மண்ணெண்ணெய் விளக்கில்தான் படித்தார்கள். இரண்டு ஊர், ஒரே விளக்கு. ஆனால் அவர்கள் கதை எங்களுக்குத் தெரியாது, எங்கள் கதை அவர்களுக்குத் தெரியாது.

இன்று அந்த இரண்டு பக்கத்துப் பிள்ளைகளும் ஒரே வாங்கில் இருந்து படிக்கிறார்கள். 2022இல் கியூஆர் அட்டையுடன் பெற்றோல் செட்டில் நின்ற வரிசைதான் அவர்களுக்குத் தெரிந்த ஒரே தட்டுப்பாடு. அந்த வரிசையில் இரண்டு பக்கமும் சேர்ந்தே நின்றோம். கொழும்புக் கடலில் எண்ணெய்க் கப்பல் வந்து நிற்கிறதாம் என்ற செய்திக்காக நாடே காத்திருந்தது. வராதபோது மட்டும்தான் எண்ணெய்க் கப்பல் எங்கள் நினைவுக்கு வருகிறது.

ஆதெல்ஸ்டேனின் கதை எங்கேயோ எழுதப்பட்டதால்தான் இத்தனை வருடம் கழித்தும் எங்களுக்குக் கிடைத்தது. ஜாம் போத்தல் விளக்கின் கதையை யார் எழுதினார்கள்? அதை அறிந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். இந்த விடுமுறையில் உம்மா, வாப்பாவிடமும், பக்கத்து வீட்டு அம்மா, ஐயாவிடமும் கேட்கச் சொல்லி உங்கள் பிள்ளைகளை அனுப்புங்கள். ஒரு போத்தல் மண்ணெண்ணெய் என்ன விலை, அது எத்தனை இரவுக்குக் காணும், யார் கடன் தந்தார்கள் என்று கேட்கட்டும். ஒரு கொப்பியில் எழுதட்டும். இரண்டு பக்கக் கதையும் ஒரே கொப்பியில் இருக்கட்டும்.