'தம்பி' என்ற கோப்பு



2003ஆம் ஆண்டு முதல் 2011ஆம் ஆண்டு வரை, பெங்களூர் அல்சூரில் கேம்பிரிட்ஜ் ரோட்டை ஒட்டிய ஒரு சந்தில் நான் பிரௌசிங் சென்டர் ஒன்றை நடத்திவந்தேன். திருநெல்வேலிப் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து பிழைப்புக்காக வந்தவன். அல்சூர் ஏரிக்கரையில் திருவள்ளுவர் சிலை மூடப்பட்டே நின்ற காலம் அது. அச்சிலை 2009 ஆகஸ்டு 9 அன்றுதான் திறக்கப்பட்டது. என் கடையில் எட்டுக் கணினிகள், ஒரு பிரிண்டர், ஓயாமல் சத்தமிடும் ஒரு மின்விசிறி. பகலில் பயோடேட்டா அடிக்கவும் தேர்வு முடிவு பார்க்கவும் ஆட்கள் வருவார்கள். மாலை நான்கு மணிக்குமேல் மர்பி டவுனிலிருந்தும் ஜோகுபாளையாவிலிருந்தும் பள்ளிப் பிள்ளைகள் வருவார்கள். அவர்கள் வருவது ஒரே காரியத்துக்காக. அது கவுன்டர் ஸ்ட்ரைக் என்னும் துப்பாக்கி விளையாட்டு.

"பிரதர், சுடுகிற விளையாட்டை வைத்தா சம்பாதிக்கிறீர்கள்?" என்று சபையில் ஒரு சகோதரி என்னிடம் நேராகவே கேட்டார். கேள்வி நியாயமானது. கடை வாடகையை நினைத்துக்கொண்டு சிரித்து மழுப்பிவிட்டேன். அந்தக் கேள்விக்கு நல்ல பதில் இன்றும் என்னிடம் இல்லை. ஆனால் நான் இங்கே எழுத வந்தது வேறொரு காரியம்.

அந்த விளையாட்டை அறியாதவர்களுக்காகச் சிறிது சொல்லுகிறேன். மின் லே, ஜெஸ் கிளிஃப் என்ற இரண்டு வாலிபர் 1999இல் ஹாஃப் லைஃப் என்ற வேறொரு விளையாட்டை மாற்றியமைத்து இதை உண்டாக்கினார்கள். 2000ஆம் ஆண்டு நவம்பரில் வால்வ் நிறுவனம் இதைத் தன் பொருளாகவே வெளியிட்டது. எங்கள் கடையில் ஓடியது 2003இல் வந்த 1.6 என்ற பதிப்பு. இரண்டு அணிகள் உண்டு. ஒன்று குண்டு வைக்கும், மற்றொன்று அதைச் செயலிழக்கச் செய்யும். ஒவ்வொரு சுற்றின் தொடக்கத்திலும் கையிலிருக்கும் பணத்துக்கு ஆயுதம் வாங்கவேண்டும். சுடப்பட்டவன் அந்தச் சுற்று முடியும்வரை சும்மா உட்கார்ந்து மற்றவர்கள் ஆடுவதைப் பார்த்துக்கொண்டிருக்கவேண்டும்.

எட்டுக் கணினிகளில் ஒன்றில் ஒரு பையன் ஆட்டத்தைத் தொடங்குவான், மற்ற ஏழு பேரும் அதில் வந்து சேருவார்கள். தொடங்குகிறவனே ஆட்டத்தின் சட்டங்களையும் வைப்பான். முதற்சுற்றில் கையில் எவ்வளவு பணம், ஒரு சுற்று எத்தனை நிமிடம், தன் அணியானைத் தானே சுட்டால் காயம் படுமா படாதா, இப்படிப் பல. ஒன்றையும் மாற்றாவிட்டால் பணம் 800, சுற்று ஐந்து நிமிடம், சுற்றின் தொடக்கத்தில் ஆயுதம் வாங்குவதற்காக எல்லாரும் அசையாமல் நிற்கும் நேரம் ஆறு விநாடி. மாற்றினால் பணத்தை 16,000 வரையிலும், சுற்றை ஒன்பது நிமிடம் வரையிலும் கூட்டலாம்.

தொல்லை எங்கே வந்தது என்றால், கடைசியாக வைத்த சட்டங்களை விளையாட்டு தானாகவே நினைவில் வைத்துக்கொள்ளும். நான்கு மணிக் கூட்டம் வைத்துவிட்டுப் போனதை ஐந்து மணிக் கூட்டம் பார்க்காமலே தொடங்கிவிடும். இதற்குமேல் கெட்டிக்காரப் பையன்கள் தங்கள் விருப்பமான சட்டங்களைச் சிறு சிறு கோப்புகளாக எழுதி, விளையாட்டின் ஃபோல்டருக்குள் போட்டுவைத்தார்கள். கட்டளைத் திரையைத் திறந்து அந்தக் கோப்பின் பெயரை அடித்தால் போதும், எல்லாச் சட்டங்களும் ஒரே நொடியில் மாறிவிடும். கோப்பு என்றால் பெரிதாக நினைக்கவேண்டாம். நோட்பேடில் திறந்தால் பத்துப் பன்னிரண்டு வரி, அவ்வளவுதான். ஒவ்வொரு வரியிலும் ஒரு பெயர், ஓர் எண்.

இதில் நான் வெகு தாமதமாகக் கற்றுக்கொண்ட ஒன்று உண்டு. ஒரு கோப்பு தான் குறிப்பிடுகிற சட்டங்களை மட்டுமே மாற்றும். அது குறிப்பிடாதவை முந்தின ஆட்டத்தில் இருந்தபடியே நிற்கும். ஒருவன் புவியீர்ப்பை 800இலிருந்து 200ஆகக் குறைத்து, எல்லாரும் கூரைமேல் தாவும்படி செய்திருப்பான். அடுத்தவன் தன் கோப்பை ஓட்டியபின்னும் எல்லாரும் மிதந்துகொண்டே இருப்பார்கள். கோப்பை அழித்தாலும் அந்த நேரத்தில் ஓடும் சட்டம் மாறாது, விளையாட்டை முற்றிலும் மூடித் திறக்கவேண்டும். இது தெரியாமல் கணினியை எத்தனை முறை தட்டியிருப்பேனோ!

2006இல் ஒரு சனிக்கிழமை சண்டை வந்தது. முன்னே ஆடினவர்கள், தன் அணியானைச் சுட்டாலும் காயம் படும் என்ற சட்டத்தை அப்படியே விட்டுப்போயிருந்தார்கள். பின்னே வந்தவர்களுக்கு அது தெரியாது. ஒரு பையன் தன் நண்பனாலேயே மூன்று முறை விழுந்தான். நான்காம் முறை எழுந்து நிஜமாகவே அடித்துவிட்டான். ஒரு கீபோர்டு உடைந்தது. ஒரு தகப்பனார் வந்து என்னைக் கேளாத கேள்வியெல்லாம் கேட்டார்.

அன்றிரவு ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, எட்டுக் கணினிகளிலும் அந்த ஃபோல்டரைத் திறந்தேன். நாற்பதுக்கும் மேற்பட்ட கோப்புகள். மர்பி, சண்டே, ஹெட்ஷாட், கிங் ஒன்று, கிங் இரண்டு என்று பெயர்கள். அவற்றுள் ஒன்றின் பெயர் 'தம்பி'. ஒன்றையும் திறந்து பார்க்கவில்லை. எல்லாவற்றையும் தேர்ந்தெடுத்து ஷிஃப்டை அழுத்திக்கொண்டு டெலிட் செய்தேன். அப்படிச் செய்தால் குப்பைத்தொட்டிக்கும் போகாது. பின்பு டீப் ஃப்ரீஸ் என்ற மென்பொருளை நிறுவினேன். அது கணினியை ஒரு நிலையில் உறையவைத்துவிடும். யார் எதை மாற்றினாலும், அணைத்து மறுபடி போட்டவுடன் பழைய நிலைக்கே திரும்பிவிடும். சமாதானத்தோடு வீட்டுக்குப் போனேன்.

செவ்வாய்க்கிழமை அண்ணன் தம்பி இருவர் வந்தார்கள். பெரியவனுக்குப் பதினான்கு வயதிருக்கும், சிறியவனுக்குப் பத்து. தகப்பன் பெயின்ட் வேலை செய்கிறவர், தர்மபுரிப் பக்கத்துக்காரர். கூட்டம் குறைவான செவ்வாயும் வியாழனும்தான் அவர்கள் வருவார்கள். சிறியவனுக்குப் பிறவியிலேயே வலக்கை விரல்கள் சரியாக மடங்காது. அதை நான் அறிந்திருந்தேன். அறிந்தும், அவன் எப்படி விளையாடுகிறான் என்று ஒருநாளும் யோசித்ததில்லை.

பெரியவன் கட்டளைத் திரையில் ஏதோ அடித்தான். மறுபடியும் அடித்தான். பின்பு திரும்பி, "அங்கிள், தம்பி ஃபைல் காணோம்" என்றான்.

"எல்லாத்தையும் எடுத்துட்டேன்பா. அதனாலதானே சண்டை வருது" என்றேன்.

அவன் ஒன்றும் பேசவில்லை. சிறியவன்தான், "பரவால்ல அண்ணா, சும்மா ஆடலாம்" என்றான்.

வேறு வேலையில்லாததால் நான் பின்னால் நின்று பார்த்தேன். சிறியவன் மௌஸை இடக்கையில் பிடித்திருந்தான். ஆயுதம் வாங்க அவன் இடக்கையை மௌஸிலிருந்து எடுத்து, கீபோர்டில் எண்களைத் தேடித்தேடி அழுத்தி, மறுபடி மௌஸுக்கு வரவேண்டும். ஆறு விநாடி முடிந்து எல்லாரும் ஓடும்போது அவன் இன்னும் வாங்கும் பட்டியலிலேயே நின்றுகொண்டிருப்பான். அங்கேயே சுடப்படுவான். பின்பு நான்கு நிமிடம் வெறுமனே பார்த்துக்கொண்டிருப்பான். நான்காம் சுற்றில் ஒரு பையன் எழுந்து வீட்டுக்குப் போக, அணிகளின் எண்ணிக்கையைச் சமப்படுத்தும் சட்டம் தானாக வேலைசெய்து சிறியவனை எதிரணிக்கு மாற்றியது. அடுத்த சுற்றில் ஒரு வளைவில் அண்ணனும் தம்பியும் எதிரெதிரே வந்தார்கள். பெரியவன் சுடாமல் நின்றான். வேறொருவன் வந்து இருவரில் ஒருவனைச் சுட்டான்.

ஒரு மணி நேரத்துக்குப் பணம் கொடுத்திருந்தவர்கள் அரைமணியிலேயே எழுந்துவிட்டார்கள். மீதிப் பணத்தை நீட்டினேன். பெரியவன் வாங்கவில்லை.

"அந்த ஃபைலை மறுபடி எழுதிக்கொடு, நான் அழிக்கமாட்டேன்" என்று நான் சொன்னபோது, அவனால் அது முடியவில்லை. எண்கள் அவன் நினைவில் இல்லை. வாரந்தோறும் பார்த்துப் பார்த்து மாற்றிவந்தவை அவை. ஆகவே வியாழக்கிழமை ஒரு கணினியைக் காசில்லாமல் கொடுத்து, மூவருமாக உட்கார்ந்தோம். கர்நாடக அரசின் 2004ஆம் ஆண்டு விதிகளின்படி, வருகிறவர்களின் பெயர் விவரங்களை எழுதிவைக்க ஒரு பதிவேடு வைத்திருந்தேன். அதன் கடைசிப் பக்கங்களைத் திருப்பி எழுதத் தொடங்கினோம்.

சிறியவன் வாங்குவான், நான் கைக்கடிகாரத்தைப் பார்த்து விநாடிகளை எண்ணுவேன். முதல் முறை இருபத்திரண்டு. அடுத்தது பத்தொன்பது. அசையாமல் நிற்கும் நேரத்தை இருபது என்று எழுதினோம். மொத்தம் ஒன்றரை நிமிடமாக இருந்த வாங்கும் நேரத்தை மூன்று நிமிடமாக்கினோம். ஒரே தடவையில் எல்லாவற்றையும் வாங்கிவிட்டால் திரும்பத் திரும்பப் பட்டியலைத் திறக்கவேண்டாம் என்று பணத்தை 16,000 என வைத்தான் பெரியவன். சுற்று நேரத்தைக் கூட்டலாமா என்று நான் கேட்டதற்கு, "வேண்டாம் அங்கிள், கொறைக்கணும். அவன் செத்துட்டா ரொம்ப நேரம் உக்காந்திருக்கக்கூடாது" என்றான். எனக்கு அது தோன்றவே இல்லை. மூன்று நிமிடம் என்று எழுதினோம். கடைசி இரண்டு வரிகளை அவன் கேளாமலே அடித்தான். அணிகளுக்குள் ஆள் வித்தியாசம் எவ்வளவு இருந்தாலும் பரவாயில்லை என்பதற்கு ஒரு பூஜ்யம், யாரையும் தானாக மாற்றாதே என்பதற்கு இன்னொரு பூஜ்யம்.

அடுத்த செவ்வாய் அவர்கள் வந்தபோது கோப்பு இல்லை. நான் நிறுவிய டீப் ஃப்ரீஸ் தன் வேலையைச் செய்திருந்தது! இரண்டாம் முறையும் அந்தப் பிள்ளைகளின் முகத்தைப் பார்க்க எனக்கு வெட்கமாயிருந்தது. நல்லவேளையாகப் பதிவேடு இருந்தது. மறுபடி அடித்து, இம்முறை ஒரு ஃபிளாப்பியில் பதிந்து பெரியவன் கையில் கொடுத்தேன். 1.44 எம்பி கொள்ளும் ஃபிளாப்பியில் ஒரு கேபி கூட வராத ஒரே கோப்பு. அதை அவன் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வருவான்.

வாசகர்களே, உங்கள் வீட்டுக் கணினியிலும் இப்படிக் கோப்புகள் இருக்கலாம். 2023 செப்டம்பரில் வந்த கவுன்டர் ஸ்ட்ரைக் 2 வரையில் இந்த வழக்கம் மாறவில்லை. சட்டங்கள் இன்றும் சிறு எழுத்துக் கோப்புகளில்தான் உட்கார்ந்திருக்கின்றன. பிள்ளையின்மேல் கோபம் வந்து அழிக்கப் போகிறீர்கள் என்றால், முதலில் நோட்பேடில் திறந்து பாருங்கள். யாருடையது, எதற்கு என்று அவனையே கேளுங்கள். வேண்டாததை அழிக்கும்முன் வேறிடத்தில் ஒரு பிரதி எடுத்துவையுங்கள். எங்கள் கடையில் பின்னர் நான் செய்தது இதுதான். உறையாத ஒரு டிரைவில் ஒவ்வொரு கூட்டத்துக்கும் ஒரு ஃபோல்டர். மாதக்கடைசியில் அழிக்கும்முன் பெயர்களைச் சுவரில் ஒட்டிவிடுவேன். வேண்டுகிறவன் வந்து சொல்லவேண்டும். ஒவ்வொரு புதிய கூட்டத்துக்கு முன்னும் விளையாட்டை மூடித் திறந்துவிடுவேன். அதற்குப்பின் கீபோர்டு எதுவும் உடையவில்லை. உண்மையைச் சொன்னால், உடைத்த அந்தப் பையனின் குடும்பமும் வேறிடத்துக்குக் குடிபோய்விட்டது.

பதிவேட்டின் கடைசிப் பக்கத்தில் அந்த எண்களைத் தேதியோடு எழுதிவந்தோம். இருபது, பதினெட்டானது. மழைக்காலத்தில் பதினைந்து. அடுத்த வருடம் பன்னிரண்டு. சிறியவன் இரண்டு எண்களுக்குப் பதிலாக ஒரே விசையில் வாங்கும்படி அமைத்துக்கொண்டான், அதை அண்ணன் சொல்லித்தரவில்லை. பணம் 16,000இலிருந்து 5,000க்கு இறங்கியது. வாங்கும் நேரம் பழையபடி ஒன்றரை நிமிடத்துக்கு வந்தது.

2008இல் ஒரு வியாழக்கிழமை சிறியவன், "அண்ணா, அந்த ஃபைலை எடுத்துடு. மத்தவங்க மாதிரியே ஆடறேன்" என்றான்.

பெரியவனுக்கு மனமில்லை. "இருக்கட்டும்டா, ஒருவேளை தேவைப்படும்" என்று ஃபிளாப்பியைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்தான். நான் முந்தி ஒருமுறை அழித்தவன், என்ன சொல்லமுடியும்? பேசாமல் பிரிண்டருக்குத் தாள் வைக்கப் போய்விட்டேன்.

சிறிது நேரம் கழித்துத் திரும்பிப் பார்த்தபோது, சிறியவன் கோப்பை நோட்பேடில் திறந்து, இடக்கையால் ஒவ்வொரு வரியாக அழித்துக்கொண்டிருந்தான். பணம் போயிற்று. விநாடிகள் போயின. சுற்று நேரமும் போயிற்று. கடைசி இரண்டு வரிகளுக்கு வந்ததும் நிறுத்தி, அப்படியே சேமித்து, ஃபிளாப்பியை அண்ணனிடம் கொடுத்தான். அணி மாற்றாதே என்ற அந்த இரண்டு பூஜ்யங்களை மட்டும் விட்டுவைத்திருந்தான்.