வரப்பில் உட்கார்ந்த கேமரா

தெலங்கானாவில், ஜஹீராபாத்தை அடுத்த பஸ்தாபூர். சோளமும் துவரையும் கலந்து நிற்கும் மானாவாரி நிலத்தின் வரப்பில் ஒரு மூதாட்டி உட்கார்ந்திருந்தார். அவரைப் படம்பிடிக்க வந்த அக்கா, ட்ரைபாடின் கால்களைக் குட்டையாக்கிக்கொண்டே இருந்தார். லென்ஸ் மூதாட்டியின் கண்ணுக்கு நேராக வரும்வரை விடவில்லை. ஹெட்போனை மாட்டிக் கேட்டார், காற்று இரைந்தது. மைக்கைச் சேலை மடிப்புக்குள் நகர்த்திவிட்டு, மறுபடி கேட்டு, அதன்பிறகே பதிவைத் தொடங்கினார்.

இந்த உயரத்தை இங்கே படம்பிடிக்கும் பெண்கள் ‘சங்கம் ஷாட்’ என்கிறார்கள். அவர்களுடைய மகளிர் சங்கக் கூட்டத்தில் எல்லோரும் தரையில் சமமாக உட்கார்வார்கள். பார்வையும் சமமாக இருக்கும். மேலிருந்து கீழ்நோக்கி எடுத்தால் அது ‘பட்டேல் ஷாட்’. பண்ணையார் கூலியாட்களைப் பார்க்கிற பார்வை அது. அந்தப் பார்வைக்குக் கீழே வாழ்ந்தவர்களுக்குக் கேமராக் கோணத்தில் இருக்கும் அதிகாரத்தை யாரும் பாடம் நடத்திச் சொல்ல வேண்டியதில்லை.

இவர்கள் தலித் பெண்கள், சிறு விவசாயிகள். பலர் பள்ளிக்கூடம் போனதில்லை. 1983இல் தொடங்கிய டெக்கான் டெவலப்மென்ட் சொசைட்டியின் மகளிர் சங்கங்களில் இருந்து வந்தவர்கள். அதன் நிறுவனர்களில் ஒருவரான பி.வி. சதீஷ், தூர்தர்ஷனில் தயாரிப்பாளராக இருந்தவர். கேமரா பழகிய பெண்கள் சேர்ந்து 2001இல் ‘கம்யூனிட்டி மீடியா டிரஸ்ட்’ என்ற அறக்கட்டளையை அமைத்தார்கள்.

2002இல் மரபணு மாற்றப்பட்ட பி.டி. பருத்திக்கு மத்திய அரசு அனுமதி தந்தது. வாரங்கல் பகுதியில் அதை விதைத்தவர்களின் நிலங்களுக்கு இந்தப் பெண்கள் கேமராவோடு போனார்கள். பருவம் முழுக்கத் திரும்பத் திரும்பப் போனார்கள். நட்டம் வந்த பிறகு போய்க் கேட்டால், விவசாயியின் பேச்சைப் புலம்பல் என்று ஒதுக்கிவிடலாம். செடி வளர வளர, அதே விவசாயி அதே நிலத்தில் நின்று விதைக்கும் மருந்துக்கும் ஆன செலவைச் சொன்னால் அது சாட்சியம். 2003இல் முதல் படம் வந்தது. மூன்று பருவங்களைத் தொடர்ந்த படம் பின்னால் வந்தது. 2005இல் மூன்று பி.டி. ரகங்களுக்கு, வாரங்கல் அப்போது சேர்ந்திருந்த ஆந்திரப் பிரதேசத்தில் அனுமதி மறுக்கப்பட்டது. அதற்குமுன் விவசாயிகளின் போராட்டங்களும் கள ஆய்வுகளும் நடந்திருந்தன. அந்தப் பெரிய முயற்சியில் இந்தப் படங்களுக்கும் இடமுண்டு.

எடிட்டிங் அறையில் மூதாட்டியின் பதிவு ஓடியது. வீட்டில் சேர்த்துவைத்த விதைகளை விரல்விட்டு எண்ணும்போது ஓரிடத்தில் நிறுத்தி யோசிக்கிறார். அந்த மௌனத்தை வெட்டினால் படம் வேகமாக ஓடும். அக்கா வெட்டவில்லை. யோசித்துச் சொன்ன கணக்கு என்பது பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும் என்றார்.

நியாயம் கேட்டுப் படம் எடுக்க வருகிறவர்கள் பட்ஜெட்டில் இரண்டு செலவுகளை முதலில் எழுதட்டும்: ஒரு பருவம் முழுக்க ஊரில் தங்க ஆகும் செலவு, அந்த ஊர்ப் பெண்கள் சிலருக்குக் கேமரா பழக்க ஆகும் செலவு. படக்குழு கிளம்பிய பிறகும் ஊரில் பிரச்சினை இருக்கும். அதைப் பதிவு செய்யத் தெரிந்த கையும் அங்கேயே இருக்க வேண்டும்.