நீச்சல் குளத்தில் புதைந்த படச்சுருள்கள்

கனடாவின் வடமேற்கில், குளோண்டைக் ஆறு யூகான் ஆற்றில் கலக்கும் இடத்தில் இருக்கிறது டாஸன் சிட்டி. பெரும்பாலான தெருக்கள் இன்னும் மண் தெருக்கள்தாம். ஓரத்தில் மரப்பலகை நடைபாதை. அடியிலுள்ள உறைநிலம் இளகிய இடங்களில் பழைய மரக்கட்டடங்கள் ஒன்றன்மீது ஒன்று சாய்ந்து நிற்கின்றன. பில் மாரிசனின் ‘டாஸன் சிட்டி: ஃப்ரோஸன் டைம்’ (2016) படத்தைப் பார்த்தபோதே, இந்த மண்ணை நேரில் காண வேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

1978இல் இங்கே, ஒரு சூதாட்ட விடுதியின் பின்புறம், கட்டட வேலைக்காகத் தோண்டிய இயந்திரம் மண்ணோடு படச்சுருள்களையும் அள்ளியது.

அவை வந்த கதை நீளமானது. 1896இல் அருகில் தங்கம் கிடைத்தது. இரண்டே ஆண்டுகளில் பல்லாயிரம் பேர் வந்து குவிந்தார்கள். காலங்காலமாக இங்கு மீன்பிடித்து வாழ்ந்த டிரொண்டெக் ஹ்வெச்சின் மக்கள் மூஸ்ஹைடு என்ற இடத்துக்கு இடம்பெயர நேர்ந்தது. பிறகு திரையரங்குகள் முளைத்தன. படங்கள் ஊர் ஊராக ஓடி, வெளியாகிச் சில ஆண்டுகள் கழித்தே டாஸனை எட்டின. திருப்பி அனுப்பும் செலவை ஏற்க விநியோகஸ்தர்கள் தயாராக இல்லை. சுருள்கள் நூலக நிலவறையில் சேர்ந்துகொண்டே போயின. பல சுருள்கள் ஆற்றில் கொட்டப்பட்டன, பல எரிக்கப்பட்டன. 1929இல் ஒரு பகுதியைப் போட்டு, பயன்படாத நீச்சல் குளத்தை நிரப்பி, மேலே ஹாக்கி ஆடும் பனித்தளம் அமைத்தார்கள்.

அந்தச் சுருள்களின் நைட்ரேட் ஃபிலிம் வெடிபஞ்சுக்கு நெருங்கிய உறவு. எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தருவதால் தண்ணீரில் முக்கினாலும் அணையாது. தீப்பிடிக்காவிட்டாலும் வெப்பத்தில் பிசுபிசுத்து, கடைசியில் பழுப்புத் தூளாகிவிடும். அந்தச் சிதைவைத் தாமதப்படுத்தியது டாஸனின் குளிர்.

மண்ணிலிருந்து மீட்டவர்கள் உள்ளூர் அருங்காட்சியகத்தின் கேத்தி ஜோன்ஸ், பார்க்ஸ் கனடாவின் மைக்கேல் கேட்ஸ், ஒட்டாவா ஆவணக்காப்பகத்தின் சாம் குலா முதலானோர். கிடைத்தவை 533 சுருள்கள். தீப்பிடிக்கும் சரக்கு என்று வண்டிக்காரர்கள் ஏற்ற மறுத்ததால், ராணுவத்தின் ஹெர்குலிஸ் விமானம் தூக்கிச் சென்றது. ஈரம் புகுந்த சுருள்களைப் பிரித்து, கழுவி, உலர்த்தி, பாதுகாப்பான ஃபிலிமில் பிரதி எடுத்தவர்களின் பெயர்கள் அதிகம் பேசப்படுவதில்லை. அவர்களின் பொறுமைமீதுதான் மாரிசனின் கலை நிற்கிறது.

‘டாஸன் சிட்டி’ படத்தில் விவரிப்புக் குரல் கிடையாது. பெரும்பாலும் எழுத்தும் இசையுமே ஊரின் வரலாற்றைச் சொல்கின்றன. சூதாட்டம் பற்றிய பகுதி வரும்போது, புதைந்து கிடந்த கதைப்படங்களின் சூதாட்டக் காட்சிகளையே மாரிசன் அடுக்குகிறார். 1919ஆம் ஆண்டு வேர்ல்டு சீரிஸ் பேஸ்பால் ஆட்டத்தின் செய்திப்படமும் மீட்ட சுருள்களில் இருந்தது. ஆட்டக்காரர்கள் பணம் வாங்கித் தோற்றதாகக் குற்றச்சாட்டு எழுந்த தொடர் அது. பிம்பத்தின் இரு ஓரங்களிலும் ஈரம் அரித்த வெண்ணிறத் தழும்புகள் துடிக்கின்றன. மாரிசன் அவற்றைத் துடைக்கவில்லை. நடிகர்களின் முகங்களோடு, மண்ணுக்கடியில் கழிந்த ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகளும் திரையில் தெரிகின்றன. அந்தத் தழும்பும் சாட்சிதான் என்பதை அந்தக் குளம் இருந்த இடத்தில் நின்றபோது முழுமையாக ஏற்றுக்கொண்டேன்.

‘டெக்கேசியா’வில் (2002) அவர் இதையே இன்னும் துணிவாகச் செய்திருந்தார். அழுகிய சுருள்களை மட்டும் கோத்து, மைக்கேல் கார்டனின் இசையோடு ஒரு முழுப்படம். அதில் ஒரு குத்துச்சண்டை வீரர், எதிராளி இருக்க வேண்டிய இடத்தில் கொப்பளிக்கும் சிதைவையே குத்திக்கொண்டிருக்கிறார். அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 2013இல் அந்தப் படத்தைத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது.