ஏட்டில் பிறந்த நாள்

மனிதனுக்குப் பிறப்பு ஒன்றுதான். ஆயினும் நம் நாட்டில் பலருக்குப் பிறந்த நாள் இரண்டு: தாய் அறிந்த நாள் ஒன்று, பள்ளித் தலைமையாசிரியர் எழுதிய நாள் மற்றொன்று. முன்னதற்குப் பாயசம் உண்டு. பதவியும் ஓய்வூதியமும் பின்னதன்படியே நடக்கும்.

நிர்வாகப் பிரிவில் பணிப்பதிவேடுகளைப் புரட்டும் எழுத்தர்களாகிய நாங்கள், இவ்விரு நாள்களுக்கும் இடையே மூளும் பூசலை அடிக்கடி காண்கிறோம். பழைய பதிவேடுகளில் ஜூன் மாதத்தில் பிறந்தவர்களின் தொகை வியப்பளிக்கும். நம்மூரில் பள்ளி திறக்கும் மாதம் அது. பிள்ளையின் கையைத் தலைக்குமேல் வளைத்து மறுபுறச் செவியைத் தொடச் சொல்வார்கள். தொட்டுவிட்டால் ஐந்து வயது நிறைந்ததாகப் பொருள்.

எங்கள் பிரிவில் தஞ்சைப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் இருந்தார். ஜாதகப்படி அவர் பிறந்தது சார்வரி வருடம் தை மாதம். அதாவது 1961 ஜனவரி இறுதி. பள்ளியில் தந்தையார் சொன்னதோ 1960 ஜூன் முதல் தேதி. முதல் தேதியில் பிறந்தவர் முந்திய மாதக் கடைசி நாளிலேயே ஓய்வு பெறவேண்டும் என்பது விதி. ஆகவே 2021 ஜனவரி முடிய இருந்திருக்க வேண்டியவர், 2020 மே 31 அன்று வெளியேற வேண்டியதாயிற்று. எட்டு மாதச் சம்பளம். மகள் திருமணத்துக்கு முன் அரசுக் குடியிருப்பைக் காலி செய்யும் கவலை வேறு.

ஓய்வுக்கு இரண்டாண்டு இருக்கையில் ஜாதகத்தை எடுத்துக்கொண்டு எங்களிடம் வந்தார். நாங்கள் அடிப்படை விதி 56-இன் குறிப்பைக் காட்டினோம். 1979-இல் திருத்தப்பட்ட அக்குறிப்பின்படி, பணியில் சேர்ந்த 5 ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். நிகழ்ந்தது மெய்யான பிழை என்று ஐயமற நிறுவ வேண்டும். திருத்திய தேதியைக் கொண்டு பார்த்தால், எழுதிய தேர்வுக்கோ சேர்ந்த பணிக்கோ அவர் அன்று தகுதியற்றவராகிவிடக் கூடாது. 1979-க்கு முன் சேர்ந்தவர்களும் அத்திருத்தம் வந்த 5 ஆண்டுகளுக்குள் கேட்டிருக்க வேண்டும் என்று 1993-இல் ஹர்நாம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. ஒருவருடைய தேதி மாறினால், அவருக்குக் கீழே பதவி உயர்வுக்குக் காத்திருப்போர் வரிசை முழுவதும் பாதிக்கப்படும் என்பதையும், தமிழகத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் அதே ஆண்டு அது எடுத்துக்காட்டியது.

இராணுவத் தலைமைத் தளபதிக்கே இவ்வழி திறக்கவில்லை. ஜெனரல் வி. கே. சிங் தாம் பிறந்தது 1950 அன்று, 1951 என்று 2012 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சென்றார். எப்போது பிறந்தார் என்பதன்று வினா, அரசு ஆவணம் ஏற்ற தேதி எது என்பதே வினா என்றது நீதிமன்றம். பிப்ரவரி 10-இல் மனுவைத் திரும்பப் பெற்றார்.

பெரியவர் பணியில் சேர்ந்தது 1978 செப்டம்பரில். மெய்யான தேதிப்படி அன்று அவருக்குப் பதினெட்டு நிறையவில்லை, வேலையே கிடைத்திராது. இதைக் கணக்கிட்டுக் காட்டியபோது நெடுநேரம் பேசாதிருந்தார். பிறகு, "தீர்ப்பாயத்துக்குப் போனால், என் அப்பா பள்ளிக்கூடத்தில் பொய் சொன்னார் என்று நானே கையெழுத்துப் போட்டுத் தரணும், இல்லையா தம்பி? அவர் ஒரு வருஷம் முந்தி என்னைச் சேர்த்ததால்தானே இந்த நாற்காலியில் உட்கார்ந்தேன்" என்றார். ஜாதகத்தை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு போனார். மனு எழுதப்படவே இல்லை.

தந்தையர் வஞ்சகர் அல்லர். ஓராண்டு முந்தினால் குடும்பத்துக்கு ஒரு வருவாய் முந்தும் என்று எண்ணிய ஏழைகள் அவர்கள். இன்று அந்தத் தேவையும் இல்லை, இடமும் இல்லை. 2023 அக்டோபர் முதல் நாளிலிருந்து பிறக்கும் குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, அரசுப் பணி போன்றவற்றில் பிறப்புச் சான்றிதழே வயதுக்குச் சான்று என்று சட்டம் திருத்தப்பட்டுள்ளது.

அதற்கு முன் பிறந்த பிள்ளைகளின் பெற்றோர்க்கு எங்கள் வேண்டுகோள் ஒன்று உண்டு. பிறந்தது ஓர் ஊர், படிப்பது வேறோர் ஊர் என்று இடம் மாறி வாழ்பவர்கள் நாம். பிறப்புச் சான்றிதழையும் பள்ளிப் பதிவையும் அருகருகே வைத்து, பத்தாம் வகுப்புச் சான்றிதழ் அச்சேறுமுன் ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். வேலைக்குச் சேர்ந்த பிள்ளையிடம், முதல் ஐந்தாண்டுக்குள் தன் பதிவேட்டின் முதல் பக்கத்தைப் பார்த்துவரச் சொல்லுங்கள். பிழை இருந்தால் திருத்தக் கேட்பதற்கு உரிய காலம் அதுதான்.