ஏக்கர் இல்லாதவர்களுக்கு என்ன கணக்கு?

நெய்வேலி நகரியத்தின் வட்டங்களில், மர நிழலில் நடக்கும்போது இந்த ஊர் யாருடைய நிலம் என்ற கேள்வி எழுவதில்லை. சுரங்கத்தை ஒட்டிய சேரிகளுக்குப் போனால் முதல் பேச்சே அதுதான்.

2023 ஜூலை 26 அன்று மேல்வளையமாதேவியில், வளர்ந்து நின்ற நெற்பயிர்மேல் பொக்லைன்கள் இறங்கின. போலீஸ் பாதுகாப்போடு பரவனாற்றுக்கு மாற்றுக் கால்வாய் வெட்டியது என்.எல்.சி. பல ஆண்டுகளுக்கு முன்பே கையகப்படுத்திய நிலம் என்றது நிறுவனம். அறுவடை வரை பொறுக்க முடியாதா என்று கேட்ட சென்னை உயர் நீதிமன்றம், சேதமான பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் தரச் சொன்னது.

இதை நாங்கள் ஒரு சேரியில் சொன்னபோது, நடவுக்குப் போகும் அக்கா ஒருவர் கேட்டார்: "ஏக்கரே இல்லாதவளுக்கு எவ்வளவுன்னு போட்டிருக்கு தம்பி?"

எங்களிடம் பதில் இல்லை. எங்கள் படிவத்தின் முதல் கேள்வியே 'சர்வே எண்'தான். அந்தத் தெருவில் அந்தக் கட்டம் வீட்டுக்கு வீடு காலியாக இருந்தது.

நிலம் உள்ளவருக்கு அரசியலமைப்பின் 300ஏ பிரிவு இருக்கிறது. பணம் கொடுத்துவிட்டால் மட்டும் போதாது; முன்கூட்டியே அறிவிக்க வேண்டும், ஆட்சேபத்தைக் கேட்க வேண்டும், காரணத்தோடு முடிவு சொல்ல வேண்டும் என்று கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் விளக்கியது. இது தேவையான பாதுகாப்பு. இதற்காகப் போராடும் விவசாயிகளோடு நாமும் நிற்கிறோம்.

ஆனால் 2013ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தல் சட்டம் இன்னும் ஒரு படி மேலே போகிறது. அந்த நிலத்தை நம்பி மூன்று ஆண்டுகள் பிழைத்த கூலித் தொழிலாளியும் குத்தகைதாரரும் வாரம் பயிரிடுபவரும் அதன்படி 'பாதிக்கப்பட்ட குடும்பம்'. நிலத்தை இழக்கும் பட்டியல் சாதியினருக்கு ஈடாக நிலம், அதிகபட்சம் இரண்டரை ஏக்கர் வரை தர வேண்டும் என்கிறது அதன் இரண்டாம் அட்டவணை. யாரெல்லாம் பாதிக்கப்படுவார்கள் என்று ஊருக்குள் வந்து கணக்கெடுப்பதற்குத்தான் சமூகத் தாக்க மதிப்பீடு.

சுரங்கத்துக்கு நிலம் எடுக்கப் பயன்பட்டு வரும் 1997ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுத் தொழில் நோக்கச் சட்டத்துக்கு அந்த மதிப்பீடு கட்டாயமில்லை. இந்த விலக்கு செல்லாது என்று 2019 ஜூலையில் உயர் நீதிமன்றம் சொன்னது. அதே ஆண்டில் அரசு புதிய சட்டம் போட்டு அதை மீட்டது. 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டத்தை ஏற்றுக்கொண்டது. இழப்பீடும் மறுவாழ்வும் ஏட்டில் உண்டு. ஆனால் முன்கூட்டியே ஆளை எண்ணாவிட்டால் அக்காவின் பெயர் எந்தப் பட்டியலில் வரும்?

அதனால் எங்கள் படிவத்தை மாற்றினோம். முதல் கேள்வி இப்போது இது: "மூணு வருஷமா யார் நிலத்தில், என்ன வேலை செய்றீங்க?" சர்வே எண் கடைசிக்குப் போய்விட்டது.

தோழர்களே, நோட்டீஸ் வந்தபின் இந்த வேலையைத் தொடங்கினால் தாமதம். உங்கள் ஊரில் இப்போதே ஒரு நோட்டுப் புத்தகத்தோடு உட்காருங்கள். யார் நட்டார், யார் அறுத்தார், என்ன கூலி என்று தேதி போட்டு எழுதுங்கள். சாட்சிக் கையெழுத்தும் வாங்குங்கள். பட்டா இல்லாத நம் மக்களுக்கு வழக்கு தொடங்குவது அந்த நோட்டிலிருந்துதான்.